நான்கு வீட்டுச் சம்பளம்: டெல்லியில் ஒரு விபத்து இழப்பீட்டு வழக்கு

2023 ஜூன் மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை. காலை ஆறரை மணி தாண்டியிருந்தது. ஜங்புராவில் தமிழர்கள் வாழ்ந்த குடிசைப் பகுதியான மதராசி கேம்பில் குடியிருந்த ஒரு பெண் வீட்டு வேலைக்குப் போக மதுரா ரோட்டைக் கடந்துகொண்டிருந்தாள். காய்கறி ஏற்றும் டெம்போ ஒன்று அவளை அடித்துத் தள்ளிவிட்டு நிற்காமல் போனது. ஒரு ஆட்டோக்காரர் தூக்கிப் போட்டுக்கொண்டு அரசு மருத்துவமனைக்கு ஓடினார். வழியிலேயே உயிர் போய்விட்டது.

அவள் என்னை அக்கா என்பாள். அதனால் இங்கே அவளைத் தங்கை என்றே எழுதுகிறேன். பெயர், குடும்பத்தின் பெயர், ஊர்ப் பெயர் எதுவும் வேண்டாம். கள்ளக்குறிச்சி மாவட்டத்திலிருந்து கல்யாணமாகி டெல்லிக்கு வந்தவள் என்பது மட்டும் போதும்.

நான் வக்கீல் இல்லை. ஒரு தனியார் அலுவலகத்தில் கணக்கு எழுதுகிறவள். டெல்லிக்கு வந்து 26 வருஷம் ஆகிறது. இந்தி படிக்கத் தெரியும், படிவம் நிரப்பத் தெரியும் என்பதால் கேம்பிலிருந்து ஆட்கள் தேடி வருவார்கள். அப்படித்தான் இந்த வழக்கிலும் நுழைந்தேன். போலீஸ் ஸ்டேஷனில் தொடங்கி சாகேத் நீதிமன்றத்தில் தீர்ப்பு வாங்கும்வரை 21 மாதம் கூடவே இருந்தேன்.

மோதிய டெம்போவின் இன்சூரன்ஸ் கம்பெனி தன் கணக்கில், தங்கையை நம்பியிருந்தவர்களுக்கு அவள் சாவால் ஏற்பட்ட வருமான இழப்பு 6,30,000 ரூபாய் என்றது. மோட்டார் விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம் அதே இழப்பை 32,57,226 ரூபாய் என்று எழுதியது. இரண்டு கணக்கிலும் சட்டம் ஒன்றுதான், வாய்ப்பாடும் ஒன்றுதான். வேறுபட்டவை மூன்று விவரங்கள்: மாதம் எவ்வளவு சம்பாதித்தாள், அவளுக்கு என்ன வயது, யார் யார் அவளை நம்பியிருந்தார்கள். இந்த மூன்றையும் காட்ட அவளிடம் முறையான காகிதம் ஒன்றுகூட இருக்கவில்லை. செத்துப்போன பிறகு மற்றவர்கள் தேடிச் சேர்த்ததுதான் எல்லாம். இழப்பீட்டு வழக்கு என்றால் நீதிமன்றத்தில் வாதாடுவது என்று நினைத்திருந்தேன். பெரும்பகுதி இந்தத் தேடல்தான், அதுவும் அழுகை ஓயாத முதல் சில வாரங்களில் நடக்க வேண்டிய தேடல்.

முதல் பதினோரு நாள்

எஃப்.ஐ.ஆரில் 'அடையாளம் தெரியாத வாகனம்' என்று எழுதியிருந்தார்கள். அப்போது இந்தியத் தண்டனைச் சட்டம் நடப்பில் இருந்தது. 279 (கண்மூடித்தனமாக வண்டி ஓட்டுவது), 304ஏ (கவனக்குறைவால் மரணம் விளைவிப்பது) பிரிவுகள். அந்த 'அடையாளம் தெரியாத' என்ற சொல் குடும்பத்துக்கு எவ்வளவு பெரிய நஷ்டம் என்பது அன்று எங்களில் யாருக்கும் தெரியாது. மோதிய வண்டி கடைசிவரை கிடைக்காவிட்டால், மோட்டார் வாகனச் சட்டம் 161ஆம் பிரிவின்படி இறந்தவர் குடும்பத்துக்குக் கிடைப்பது 2 லட்சம் ரூபாய், அவ்வளவுதான். 2022 ஏப்ரலுக்கு முன்னால் அது வெறும் 25,000 ரூபாயாக இருந்தது. அந்த 2 லட்சத்துக்கும் தனியாக விண்ணப்பிக்க வேண்டும். இப்படி ஒரு திட்டம் இருப்பதே பலருக்குத் தெரியாது. சாலைப் பாதுகாப்புக்காகக் கோவை எலும்பு மருத்துவர் எஸ். ராஜசேகரன் 2012இல் உச்ச நீதிமன்றத்தில் போட்ட பொதுநல வழக்கில்தான், 2024 ஜனவரியில், வண்டி கண்டுபிடிக்கப்படாத வழக்குகளில் போலீஸே குடும்பத்தாருக்கு இந்தத் திட்டத்தைச் சொல்ல வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிட்டது.

வண்டி கிடைத்தால் கதை வேறு. அதற்கு இன்சூரன்ஸ் இருக்கும், கம்பெனி பதில் சொல்லியாக வேண்டும்.

ஆகவே வண்டியைத் தேட வேண்டியிருந்தது. தேடியது பெரும்பாலும் கேம்புப் பையன்கள்தான். சிசிடிவி பதிவு பல கடைகளில் ஒரு வாரத்தில் அழிந்துவிடும், பழையதன் மேலேயே புதியது பதிவாகும். நாலாவது நாள் ஒரு பெட்ரோல் பங்க் கேமராவில் 6.38க்கு ஒரு வெள்ளை டெம்போ தெரிந்தது. நீலத் தார்ப்பாய், இடது முன்விளக்கு உடைந்திருந்தது. நம்பர் தெளிவாக இல்லை. அந்தப் பதிவோடு ஸ்டேஷனுக்குப் போனோம். முதலில் அலட்சியமாகக் கேட்டுக்கொண்டிருந்த விசாரணை அதிகாரி, படத்தைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார். அதற்குப் பிறகு அவர் நன்றாகவே வேலை செய்தார் என்பதைச் சொல்லியாக வேண்டும். ஓக்லா காய்கறி மண்டி வாசல் கேமராக்களைப் பார்த்து, பதினோராவது நாள் வண்டியைப் பிடித்தார். சம்பவத்தைப் பார்த்த துப்புரவுத் தொழிலாளி ஒரு அம்மா சாட்சி சொல்ல முன்வந்தார். "என் கண் முன்னால விழுந்த பொண்ணு" என்று அவர் இந்தியில் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது.

இந்தப் பதினோரு நாளுக்குள் இன்னொன்றும் நடந்தது. பிணவறை வாசலிலேயே ஒரு ஆள் தமிழில் பேசிக்கொண்டு வந்து தங்கையின் மைத்துனரிடம் வக்காலத்துப் படிவத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டான். "செலவு எதுவும் வேணாம், வர்றதுல நூத்துக்கு முப்பது" என்பது ஒப்பந்தம். வழக்கின் முடிவைப் பொறுத்துப் பங்கு பேசுவது இந்திய பார் கவுன்சில் விதிகளின்படி வக்கீல்களுக்குத் தடை செய்யப்பட்டது. கடைசியில் வந்த தொகையில் நூற்றுக்கு முப்பது என்றால் 11 லட்சத்துக்கும் மேல். துக்க வீட்டில் பிள்ளைகளின் பணத்தைப் பங்குபோட வருகிறவர்களை என்னால் மன்னிக்க முடியவில்லை. அந்தப் படிவத்தைத் திரும்ப வாங்க இரண்டு வாரம் அலைந்தோம். நீதிமன்ற வளாகத்திலேயே டெல்லி மாநிலச் சட்டப் பணிகள் ஆணையத்தின் அலுவலகம் இருக்கிறது. பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் கொடுப்பார்கள். இறந்தவளின் தாயும் பிள்ளைகளும் இருந்ததால் எங்களுக்குக் கிடைத்தது. சின்ன வயதுப் பெண் வக்கீல், பொறுமையாகக் கேட்டார். அவருக்குத் தமிழ் தெரியாது, நடுவில் நான்.

வழக்கு தானாகத் தொடங்கும் விதம்

ஊரிலிருந்து வந்த தங்கையின் அண்ணன், அஸ்தியோடு தமிழ்நாடு எக்ஸ்பிரஸ் ஏறுவதற்கு முன்னால் என்னிடம் கேட்டார்: "கேஸ ஊர்லயே போட்டுடலாமாக்கா? இங்க யாரு அலையறது?"

சட்டத்தில் அதற்கு இடம் உண்டு. விபத்து நடந்த இடம், இழப்பீடு கேட்பவர் குடியிருக்கும் இடம், எதிர்த்தரப்பு இருக்கும் இடம், மூன்றில் எங்கு வேண்டுமானாலும் மனுப் போடலாம் என்கிறது 166ஆம் பிரிவு. டெல்லியிலோ மும்பையிலோ விபத்தில் இறந்தவரின் மனைவி ஊருக்கே திரும்பிவிட்டால் அவர் தன் மாவட்டத் தீர்ப்பாயத்திலேயே வழக்குப் போடலாம். இது தெரியாமல் வழக்கையே கைவிட்ட குடும்பங்களை நான் பார்த்திருக்கிறேன். 2022 ஏப்ரலிலிருந்து, விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனுப் போட வேண்டும் என்ற கெடுவும் சட்டத்தில் சேர்ந்திருக்கிறது.

நாங்கள் டெல்லியையே தேர்ந்தெடுத்தோம். சாட்சிகள் இங்கேதான் இருந்தார்கள். அதைவிட முக்கியமான காரணம் டி.ஏ.ஆர். எனப்படும் விரிவான விபத்து அறிக்கை. ராஜேஷ் தியாகி வழக்கில் டெல்லி உயர் நீதிமன்றம் வருஷக்கணக்காகச் செதுக்கிய முறை இது. பிறகு 2022 ஏப்ரல் 1 முதல் நாடு முழுமைக்கும் விதியானது. விபத்து நடந்த 48 மணி நேரத்தில் முதல் அறிக்கை, 50 நாளில் இடைக்கால அறிக்கை, 90 நாளில் விரிவான அறிக்கை என்று போலீஸ் தீர்ப்பாயத்துக்குக் கொடுக்க வேண்டும். அந்த அறிக்கையையே தீர்ப்பாயம் இழப்பீட்டு மனுவாக எடுத்துக்கொள்ளும். குடும்பத்துக்கு உள்ள உரிமைகளை எழுதிய படிவத்தைப் பத்து நாளுக்குள் போலீஸ் கொடுக்க வேண்டும். எங்களுக்கு அது கேட்ட பிறகுதான் கிடைத்தது. செப்டம்பரில் வந்திருக்க வேண்டிய விரிவான அறிக்கை நவம்பரில் வந்தது. வட்டி அந்தத் தேதியிலிருந்துதான் கணக்காயிற்று என்பதால் இரண்டு மாதத் தாமதத்தின் விலையையும் குடும்பமே கொடுத்தது.

நடுவில் ஒருநாள் கம்பெனி தரப்பிலிருந்து தங்கையின் கணவருக்கு போன். யார் மேல் தப்பு என்று நிரூபிக்காமலே 5 லட்சம் உடனே கிடைக்கும், ஒரு கையெழுத்துப் போதும் என்றார்கள். 164ஆம் பிரிவில் அப்படி ஒரு வழி உண்மையாகவே இருக்கிறது. சாட்சியே இல்லாத வழக்குகளில் அது பெரிய ஆறுதல். ஆனால் அதை ஏற்றுக்கொண்டால் 166இன் கீழ் உள்ள மனு காலாவதியாகிவிடும் என்று சட்டமே சொல்கிறது. அன்று அவர் கையில் வாடகைக்கும் பணமில்லை. வட்டிக்கு வாங்கிய 1,80,000 ரூபாய்க் கடன் வேறு. "வாங்கிடட்டுமாக்கா?" என்று கேட்டார். வேண்டாம் என்றேன். சொல்லிவிட்டு அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை, வழக்கு தோற்றால் என்ன செய்வோம் என்று.

லீவு நோட்டு

தங்கை நான்கு வீடுகளில் வேலை செய்தாள். 4,500, 4,000, 3,500, 2,500: மொத்தம் மாதம் 14,500 ரூபாய். இதில் ஒரு வீட்டுச் சம்பளம் மட்டும் போன் வழியாக வங்கிக் கணக்குக்கு வந்தது. மீதி மூன்றும் கையில் ரொக்கம்.

நான்கு வீட்டுக்கும் நானும் அவள் மகளும் போனோம். மகளுக்கு அப்போது 16 வயது. முதல் வீட்டில், ஓய்வு பெற்ற ஆசிரியை ஒருவர், எங்களை உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்தார், எப்போது கூப்பிட்டாலும் நீதிமன்றத்துக்கு வருகிறேன் என்றார், சொன்னபடி வந்தார். 4,500 அனுப்பியவர் அவர்தான். இரண்டாவது வீட்டில் ஒரு கடிதம் தட்டச்சு செய்து கொடுத்தார்கள். கையெழுத்துப் போட மறுத்துவிட்டார்கள். மூன்றாவது வீட்டில் கதவைத் திறக்கவில்லை. நாலாவது வீட்டில், "எங்களை எதுக்கு கோர்ட்டுக்கு இழுக்கறீங்க" என்றார்கள். அந்த வீட்டுக் குழந்தையைத் தங்கை மூன்று வயதிலிருந்து குளிப்பாட்டி வளர்த்திருக்கிறாள். மகள் படியிறங்கும்போது ஒரு வார்த்தை பேசவில்லை.

குறுக்கு விசாரணையில் கம்பெனி வக்கீல் கணவரைக் கேட்டார்: மனைவி என்ன சம்பாதித்தார் என்று உங்களுக்கு நேரடியாகத் தெரியுமா? அவர் கூலிக்குப் பெயின்ட் அடிக்கிறவர். பொய் சொல்லத் தெரியாது. "எனக்குத் தெரியாதுங்க. அவதான் குடும்பத்த நடத்தினா. நான் கொண்டாந்து அவகிட்டதான் குடுப்பேன்" என்று தமிழிலேயே சொல்லிவிட்டார். மொழிபெயர்த்துச் சொன்னபோது 'தெரியாது' என்ற ஒரு சொல்தான் பதிவில் நின்றது. அந்தப் பதிலைப் பிடித்துக்கொண்டுதான், நிரூபணமான வருமானம் 4,500 மட்டுமே என்று கம்பெனி வாதாடியது.

அதற்கு எதிராக எங்களிடம் இருந்தவை மூன்று. ஆசிரியையின் சாட்சியம், காலனி வாசலில் கொடுத்திருந்த நுழைவு அட்டை, பிறகு அந்த லீவு நோட்டு. மகளின் பழைய கணக்கு நோட்டில் கடைசிப் பக்கங்களில் தங்கை மாதாமாதம் கட்டம் போட்டு வைத்திருந்தாள். நான்கு வீட்டுக்கும் நான்கு வரிசை. எந்த நாள் எந்த வீட்டுக்குப் போகவில்லை என்று பெருக்கல் குறி. லீவு எடுத்த நாளுக்குச் சம்பளம் பிடிப்பார்கள், அதில் யாரும் கூடுதலாகப் பிடித்துவிடக் கூடாது என்பதற்காக. மூன்று வருஷக் கணக்கு. எத்தனை பெருக்கல் குறி என்று எண்ணிப் பார்த்தேன். மாதத்துக்கு இரண்டு, அதிகம் போனால் மூன்று.

சம்பளத் தொகை அந்த நோட்டில் இல்லை. ஆகவே அது வருமானத்துக்குச் சான்றில்லை, ஆனால் அவள் தொடர்ந்து பல வீடுகளில் வேலை செய்தவள் என்பதற்குச் சான்று என்று தீர்ப்பாயம் எடுத்துக்கொண்டது. வருமானம் எவ்வளவு என்று உறுதியாகத் தெரியாத நிலையில், விபத்து நடந்த காலத்தில் டெல்லியில் நடப்பிலிருந்த, திறன்சாராத் தொழிலாளருக்கான குறைந்தபட்சக் கூலியை எடுத்தது: மாதம் 17,234 ரூபாய். உயிரோடு இருந்தபோது அந்தத் தொகை ஒரு மாதம்கூட அவள் கைக்கு வந்ததில்லை.

அவள் தன் வீட்டில் செய்த வேலையையும் கணக்கில் சேர்க்க வேண்டும் என்று எங்கள் வக்கீல் கேட்டார். காலை நாலு மணிக்குக் குடத்தோடு வரிசையில் நிற்பதிலிருந்து ராத்திரி பாத்திரம் கழுவி வைப்பதுவரை. டெல்லியில் பைக்கில் போன கணவன் மனைவி இருவரும் இறந்துபோன கீர்த்தி வழக்கில், 2021 ஜனவரியில், வீட்டு வேலைக்கு மதிப்புண்டு, அதற்கு உத்தேச வருமானம் கணக்கிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நாட்டில் பெண்கள் சம்பளமில்லாத வீட்டு வேலைக்கு ஒரு நாளைக்குச் சராசரி 299 நிமிடம் செலவிடுகிறார்கள், ஆண்கள் 97 நிமிடம் என்ற 2019ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பும் அந்தத் தீர்ப்பில் வருகிறது. ஆனால் எங்கள் வழக்கில், அவள் வெளியே சம்பாதித்தவள், அந்த வருமானம் எடுக்கப்பட்டுவிட்டது, ஆகவே தனியாகச் சேர்க்க முடியாது என்று தீர்ப்பாயம் மறுத்துவிட்டது. இது தவறு என்றே நினைக்கிறேன். வெளியே வேலைக்குப் போகாத பெண்ணின் வீட்டு உழைப்புக்கு மதிப்பு உண்டென்றால், நான்கு வீட்டில் வேலை செய்துவிட்டு ஐந்தாவதாகத் தன் வீட்டிலும் செய்தவளின் உழைப்பு எங்கே போயிற்று? அவள் போன பிறகு மகள் ஒரு வருஷம் பள்ளிக்கூடம் போகாமல் அந்த வேலையைத்தான் செய்தாள்.

01-01-1980

ஆதாரில் தங்கையின் பிறந்த தேதி 01-01-1980 என்றிருந்தது. தேதி தெரியாதவர்களுக்குப் பதிவு செய்கிறவர்கள் ஜனவரி ஒன்று என்று போட்டுவிடுவது வழக்கம். வருஷத்தையும் குத்துமதிப்பாகப் போட்டிருக்கிறார்கள். அதன்படி விபத்து நடந்தபோது அவளுக்கு 43 வயது. போஸ்ட்மார்ட்டம் அறிக்கையில் 'சுமார் 40'. அவள் கணவரோ முப்பத்தெட்டு, முப்பத்தொன்பது இருக்கும் என்றார்.

இந்த ஐந்து வயதில் என்ன இருக்கிறது என்று கேட்கலாம். 2009இல் சர்லா வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் வயதுக்கேற்ற பெருக்கெண் பட்டியல் ஒன்றைக் கொடுத்தது. ஆண்டு வருமான இழப்பை அந்த எண்ணால் பெருக்க வேண்டும். 36 முதல் 40 வயதுவரை 15. 41 முதல் 45 வரை 14. 2017 அக்டோபரில் பிரணய் சேத்தி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, நிரந்தர வேலை இல்லாதவர்களுக்கும் எதிர்கால வருமான உயர்வைச் சேர்க்க வேண்டும் என்றது. 40 வயதுக்குக் கீழே இருந்தால் 40 சதவீதம், 40 முதல் 50 என்றால் 25 சதவீதம். ஆக, வயது 43 என்றால் இரண்டு பக்கமும் அடி. எங்கள் வழக்கில் அந்த வித்தியாசம் 5,42,871 ரூபாய்.

அண்ணனுக்குப் போன் செய்தேன். தங்கை ஊர் ஊராட்சி ஒன்றியப் பள்ளியில் அஞ்சாவதுவரை படித்தவள். அவர் பள்ளிக்குப் போனார். பழைய பதிவேடுகள் ஒரு மரப் பெட்டியில் கிடந்தன. தலைமையாசிரியர் முதல்நாள் தேடியும் பதிவேடு கிடைக்கவில்லை. மூன்றாவது முறை போனபோது கிடைத்தது. சேர்க்கைப் பதிவேட்டில் வரிசை எண்ணோடு அவள் பெயர், அப்பா பெயர், பிறந்த தேதி: 1985 மே. தலைமையாசிரியர் பதிவுத்தாள் நகலும், பதிவேட்டுப் பக்கத்தின் சான்றிட்ட நகலும் கொடுத்தார். அந்த மனிதரை நான் பார்த்ததில்லை. அவர் அந்தப் பெட்டியை மூன்றாம் முறையும் திறந்ததற்கு எங்கள் நன்றி எப்போதும் உண்டு.

ஆதார்தான் அரசு ஆவணம், அதுவே செல்லும் என்று கம்பெனி வாதாடிக்கொண்டிருந்தது. 2024 அக்டோபரில் சரோஜ் என்ற வழக்கில் உச்ச நீதிமன்றம், ஆதார் அடையாளத்துக்கு மட்டுமே, பிறந்த தேதிக்குச் சான்றாகாது, பள்ளி மாற்றுச் சான்றிதழில் உள்ள தேதியையே எடுக்க வேண்டும் என்று தீர்ப்பளித்தது. அதுவும் ஒரு விபத்து இழப்பீட்டு வழக்குதான். எங்கள் வக்கீல் அடுத்த வாய்தாவிலேயே அதன் நகலைக் கொடுத்தார். 38 வயது என்று முடிவாயிற்று.

அடுத்த மாதமே இன்னொரு தீர்ப்பும் கைகொடுத்தது. டெம்போ டிரைவரிடம் இருந்தது இலகுரக வாகன உரிமம் மட்டும். சரக்கு வண்டி ஓட்டத் தனி அனுமதி இல்லை, எனவே பொறுப்பில்லை என்று கம்பெனி கைகழுவப் பார்த்தது. 7,500 கிலோவுக்கு உட்பட்ட வண்டிக்கு இலகுரக உரிமமே போதும் என்று 2024 நவம்பர் 6 அன்று ரம்பா தேவி வழக்கில் அரசியல் சாசன அமர்வு சொல்லிவிட்டது. அந்த வாதம் அங்கேயே விழுந்தது. ஜீப்ரா கோடு இல்லாத இடத்தில் கடந்தாள், ஆகவே அவள் மேலும் தப்பு என்ற வாதத்தைத் துப்புரவுத் தொழிலாளி அம்மாவின் சாட்சியமும் பெட்ரோல் பங்க் பதிவும் முறித்தன. கிரிமினல் வழக்கு மாதிரிச் சந்தேகமறத் தேவையில்லை. எது நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று பார்த்தால் போதும்.

யார் சார்ந்திருந்தவர்

மனு செய்தவர்கள் நான்கு பேர்: கணவர், மகள், 12 வயது மகன், ஊரிலிருக்கும் தங்கையின் அம்மா. இறந்தவர் தனக்கென்று செலவழித்திருக்கக்கூடிய பங்கை வருமானத்திலிருந்து கழிப்பார்கள். சார்ந்திருந்தவர்கள் இரண்டு மூன்று பேர் என்றால் மூன்றில் ஒரு பங்கு கழியும், நான்கு முதல் ஆறு பேர் என்றால் நான்கில் ஒரு பங்கு. கணவர் சம்பாதிக்கிற ஆண், அவரைச் சார்ந்தவராக எண்ணக் கூடாது என்றது கம்பெனி. பெயின்ட் வேலை மழைக்காலத்தில் இல்லை, டெல்லியில் காற்று கெட்டுப்போய்க் கட்டுமானத்துக்குத் தடை விழும் குளிர்கால வாரங்களிலும் இல்லை. அந்த மாதங்களில் வீடு ஓடியது தங்கையின் சம்பளத்தில்தான் என்று மளிகைக் கடைக்காரர் வந்து சொன்னார். அம்மாவுக்கு மாதம் 2,000 அனுப்பியது அண்ணனின் போன் கணக்கில் வரிசையாக இருந்தது. நான்கு பேர் என்று தீர்ப்பாயம் ஏற்றது.

கணக்கு இப்படி வந்தது. 17,234ஐ 12ஆல் பெருக்கினால் ஆண்டுக்கு 2,06,808. அதோடு 40 சதவீதம் கூட்டி, நான்கில் ஒரு பங்கு கழித்து, 15ஆல் பெருக்க 32,57,226. கம்பெனியின் கணக்கு: 4,500 சம்பளம், 25 சதவீத உயர்வு, மூன்றில் ஒரு பங்கு கழிவு, பெருக்கெண் 14; கிடைப்பது 6,30,000.

இதோடு, உறவை இழந்ததற்காக ஆளுக்கு 48,400 வீதம் நால்வருக்கு, ஈமச்சடங்குக்கு 18,150, அவள் சேர்த்து விட்டுப்போயிருக்கக்கூடிய சொத்தின் இழப்புக்கு 18,150. பிரணய் சேத்தி தீர்ப்பில் 40,000, 15,000, 15,000 என்று இருந்தவை மூன்று வருஷத்துக்கு ஒருமுறை 10 சதவீதம் ஏறி இந்த அளவுக்கு வந்திருக்கின்றன. மொத்தம் 34,87,126 ரூபாய். அதற்கு 7.5 சதவீத வட்டி, 16 மாதத்துக்கு. கடைசித் தொகை 38,35,839 ரூபாய். தீர்ப்பு 2025 மார்ச்சில்.

பணம் கைக்கு வரும் வழி

தீர்ப்பு வந்த அன்று கேம்பில் பலரும் 38 லட்சம் மொத்தமாகக் கைக்கு வரும் என்று நினைத்தார்கள். முன்பின் தெரியாத உறவினர்களெல்லாம் போன் செய்தார்கள். உண்மையில் டெல்லித் தீர்ப்பாயங்கள் அப்படிக் கொடுப்பதில்லை. பணம் வங்கியில் அடுக்கடுக்கான வைப்புகளாகப் போடப்பட்டு மாதாமாதம் ஒன்று முதிர்ந்து சேமிப்புக் கணக்குக்கு வரும். அந்தக் கணக்குக்குக் காசோலைப் புத்தகமோ ஏடிஎம் அட்டையோ நீதிமன்றத்தின் அனுமதியில்லாமல் தரக் கூடாது என்று பாஸ்புக்கிலேயே எழுதுவார்கள். மகளுக்கும் மகனுக்கும் தலா 12 லட்சம். மகனுடையது அவனுக்கு 18 வயதாகும்வரை பூட்டு. அம்மாவுக்கு 4 லட்சம், அவர் ஊர் வங்கிக் கிளையில். மீதி 10,35,839 கணவருக்கு; உடனே ஒரு லட்சம், பிறகு மாதம் 10,000.

"எங்க காச எங்ககிட்ட குடுக்க அவங்களுக்கு என்னக்கா?" என்று அவர் கோபப்பட்டார். முன்பு மொத்தமாகக் கொடுத்த காலத்தில் தரகரும் கடன்காரனும் சொந்தக்காரனும் பிடுங்கிக்கொண்டு போன கதைகள் எனக்குத் தெரியும். அதனால் இந்த முறை சரி என்றே சொல்வேன். ஆனால் மாதம் நூற்றுக்கு ஐந்து வட்டியில் கடன் ஓடிக்கொண்டிருக்கும்போது, வங்கியில் ஆண்டுக்கு ஏழு சதவீதத்துக்குப் பணத்தை வைத்திருப்பதில் என்ன பாதுகாப்பு? கடன் சீட்டுகளை இணைத்து மனுப் போட்டோம். ஒன்றரை லட்சம் கூடுதலாக விடுவித்தார்கள். கடன் அடைந்தது. அவருக்கு பான் அட்டை இல்லாதிருந்தால் வட்டியில் வரிப்பிடித்தம் அதிகமாகியிருக்கும். நல்லவேளை, வக்கீல் முன்னாலேயே எடுக்கச் சொல்லியிருந்தார்.

மேல்முறையீட்டுக்கு 90 நாள் கெடு. கம்பெனி போகவில்லை. வீட்டு உழைப்பைச் சேர்க்கச் சொல்லி நாங்கள் போயிருக்கலாம். குடும்பம் களைத்துப்போயிருந்தது. நானும் வற்புறுத்தவில்லை.

2025 ஜூன் 1ஆம் தேதி மதராசி கேம்ப் இடிக்கப்பட்டது. பாராபுல்லா வடிகாலை மீட்க உயர் நீதிமன்றம் போட்ட உத்தரவு. தகுதியானவர்கள் என்று பட்டியலில் வந்தவர்களுக்கு நகரத்தின் வடகோடியில் நரேலாவில் வீடு. இந்தக் குடும்பத்துக்கும் கிடைத்தது. 'வசிக்குமிடத்துக்கு அருகிலுள்ள கிளையில் கணக்கு' என்று தீர்ப்பில் எழுதியிருந்த கிளை இப்போது ஒருநாள் கூலியை விட்டுவிட்டுப் போய்வர வேண்டிய தூரத்தில் இருக்கிறது. கணக்கைக் கிளை மாற்றவும் தீர்ப்பாயத்தின் அனுமதி வேண்டும். மனுவைத் தமிழில் எழுதி எனக்குப் படம் அனுப்பியது மகள். விட்ட படிப்பைத் திறந்தநிலைப் பள்ளியில் தொடர்கிறாள். நான் இந்தியில் எழுதிக் கொடுத்தேன். இணைப்புகளோடு அந்த லீவு நோட்டின் அசலையும் திருப்பிக் கேட்டு ஒரு பத்தி சேர்க்கச் சொன்னாள். சேர்த்திருக்கிறோம்.